தாத்தாவின் பெயரில் மனைப்பட்டா: அம்மாவுக்குக் கனவு இல்லம் கிடைக்க என்ன செய்யலாம்?

கேள்வி:
அனைவருக்கும் வணக்கம். திருவண்ணாமலை மாவட்டச் சிற்றூர் ஒன்றில், அப்பா காலமான பிறகு அம்மா தனியாகக் கூரை வீட்டில் வசிக்கிறார். 2030-க்குள் குடிசைகளுக்கு மாற்றாக 8 லட்சம் கான்கிரீட் வீடுகள் கட்டும் ‘கலைஞரின் கனவு இல்லம்’ திட்டத்தில் வீட்டுக்கு 3.50 லட்சம் ரூபாய் ஒதுக்கப்படுவதை அறிந்து, ஊராட்சியில் விசாரித்தோம். மனைப்பட்டா இன்னும் தாத்தாவின் பெயரிலேயே இருப்பதால், முதலில் அதைச் சரிசெய்துகொண்டு வரச் சொன்னார்கள். சித்தப்பாவும் அத்தையும் வெளியூரில் இருக்கிறார்கள். மழைக்காலம் முழுவதும் தார்ப்பாய்க்குக் கீழே உறங்கும் அம்மாவுக்காக நாங்கள் எங்கிருந்து தொடங்குவது?

மறுமொழி 1:
தங்கள் அம்மாவின் நிலை வருத்தமளிக்கிறது. தாத்தாவுக்கும் அப்பாவுக்கும் தனித்தனியே வாரிசுச் சான்றிதழ் பெறுங்கள். இ-சேவை மையத்திலேயே விண்ணப்பிக்கலாம். தாத்தாவின் இறப்பு பதிவாகியிருக்கிறதா என்பதை இன்றே பாருங்கள். ஓராண்டுக்கு மேல் தாமதமான இறப்புப் பதிவுக்குத் தனி உத்தரவு தேவைப்படுவதால், பல குடும்பங்களுக்கு மாதக்கணக்கில் காலம் கடப்பது இங்கேதான். அடுத்து, சித்தப்பாவும் அத்தையும் தங்கள் பங்கை விட்டுக்கொடுக்க மனமுவந்து சம்மதித்தால், விடுதலைப் பத்திரத்தைப் பதிவு செய்துகொண்டு பட்டா பெயர் மாற்றத்துக்கு விண்ணப்பிக்கலாம். தாங்கள் பிள்ளைகளும் வாரிசுகளே என்பதால், மனை அம்மாவின் பெயருக்கு மட்டும் மாற வேண்டுமானால் தாங்களும் கையெழுத்திட வேண்டியிருக்கும். வாய்மொழிச் சம்மதத்தை நம்பி வேலையைத் தொடங்காதீர்கள்.

மறுமொழி 2:
மேலே சொன்னதோடு இரண்டு செய்திகள். மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 போன்ற நாள்களில் கூடும் கிராம சபையில் அம்மாவே எழுத்துமூலம் மனு கொடுத்து, ஒப்புகை பெற்றுக்கொள்ளட்டும். பட்டா வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

மற்றொன்று, பணம் மொத்தமாகக் கைக்கு வராது; கட்டுமானம் ஒவ்வொரு கட்டத்தை எட்டிய பிறகே வரவு வைக்கப்படும். வீட்டின் அளவு 360 சதுர அடி. என் தங்கை கூடுதலாக ஓர் அறைக்கு ஆசைப்பட்டு வட்டிக்குக் கடன் வாங்கினாள். சுவர் பாதி எழுந்த நிலையில் பணம் தீர்ந்து, ஒரு மழைக்காலம் முழுவதும் குடும்பம் பக்கத்து வீட்டுத் திண்ணையில் கழித்தது. அந்த வேதனை தங்கள் அம்மாவுக்கு வர வேண்டாம். அரசு வரைபடத்தின் அளவிலேயே கட்டி முடியுங்கள்.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் மனமார்ந்த நன்றி. தாத்தாவின் இறப்பு பதிவாகவே இல்லை என்று சித்தப்பா இப்போதுதான் தொலைபேசியில் சொன்னார். திங்கட்கிழமை அதிலிருந்தே தொடங்குகிறோம்.