அடாப்டர் ஒயரில் பிளஸ் எது? மீட்டர் இல்லை, அவசரம்

கயல்12:
ரௌட்டர் அடாப்டரோட பின் உடைஞ்சு போச்சு, வெட்டிட்டேன். புது பின் இருக்கு. ஆனா ரெண்டு ஒயரும் கறுப்பு! வீட்டுல இருக்கறத வச்சு எது பிளஸ்னு பாக்க வழி இருக்கா? சீக்கிரம் சொல்லுங்க.

செம்புக்கம்பி:
எத்தனை வோல்ட்? அவுட்புட் டிசியா, ஏசியா? ஒயர்ல கோடோ வரியோ இருக்கா?

எல்இடி ராஜா:
ஒரு எல்இடி எடுங்க. 1 கிலோ ஓம் ரெசிஸ்டரைத் தொடரா போடுங்க. எரிஞ்சா நீளக் கால் தொட்டது பிளஸ். ரெசிஸ்டர் இல்லாம 12 வோல்ட்ல வச்சா எல்இடி போயிடும்.

மின்னோடை:
மீட்டர் இல்லாதவர் பின்னை வெட்டியிருக்கக் கூடாது. இது அடிப்படை. வோல்ட்டைக்கூடச் சொல்லாமல் கேட்டால் யாரும் ஊகித்துத்தான் பதில் சொல்ல முடியும். மேலும், ரெசிஸ்டர் வைத்திருப்பவர் வீட்டில் மீட்டரும் இருக்கும். உப்புத் தண்ணீர் போதும். ஒரு டம்ளர் தண்ணீரில் அரை டீஸ்பூன் உப்பு. ஒயர் முனைகளை ஒரு செ.மீ. சீவி, ஒன்றையொன்று தொடாமல் டம்ளரின் எதிரெதிர் ஓரத்தில் மாட்டிய பிறகே சுவிட்சைப் போடவும். நுரை போலக் குமிழ் பொங்குவது மைனஸ், அது ஹைட்ரஜன். பிளஸ் பக்கம் குமிழ் குறைவு, செம்பு அரித்து நிறம் மாறும். பத்து விநாடி போதும். கொஞ்சம் குளோரினும் வரலாம் என்பதால் ஜன்னலைத் திறந்து வைக்கவும். சுவர் பிளக்கின் மின்சாரத்தில் இதை ஒருபோதும் செய்யக் கூடாது.

செம்புக்கம்பி:
ரெண்டு பக்கமும் ஒரே அளவு பொங்கினா அது ஏசி அடாப்டர். டிசி கேக்கற ரௌட்டர்ல அத மாட்டாதீங்க.

மஞ்சள்தாள்:
குமிழை ஒப்பிடறதைவிட நிறம் தெளிவு. மஞ்சள் தூளும் சிட்டிகை உப்பும் கரைச்ச தண்ணில டிஷ்யூவ நனைச்சு, ரெண்டு முனையையும் ஒரு செ.மீ. தள்ளி வைங்க. மைனஸ் பக்கம் காரம் உண்டாகறதால அந்த இடம் செம்பழுப்பாகும்.

கயல்12:
12 வோல்ட் 1 ஆம்பியர், டிசி. ஒரு ஒயரைத் தடவினா வரி வரியா இருக்கு.

எல்இடி ராஜா:
அப்போ சோதனையே வேண்டாம். வரி இருக்கறது பிளஸ்.

செம்புக்கம்பி:
அமெரிக்க மெயின்ஸ் ஒயர்ல வரி இருக்கறது நியூட்ரல். அந்தப் பழக்கத்துல மைனஸுக்கு வரி போட்டா?

எல்இடி ராஜா:
அது மெயின்ஸ் ஒயர். நான் பாத்த அடாப்டர் எல்லாத்துலயும் வரி பிளஸ்தான்.

மின்னோடை:
பெரும்பாலும் அப்படித்தான், ஆனால் அதை விதி என்று எடுத்துக்கொள்ள முடியாது. ஒயரில் பிளஸ் தெரிந்தாலும் வேலை பாதிதான். பின்னின் நடுத்துளை பிளஸா, வெளிவளையம் பிளஸா? அடாப்டர் லேபிளிலோ ரௌட்டரிலோ நடுவில் புள்ளி, சுற்றிப் பிறை என்று ஒரு படம் இருக்கும். புள்ளியோடு சேரும் குறி எதுவோ அதுதான் நடுத்துளை. இங்கே மாறினால் சோதனை வீண்.

கயல்12:
உப்புத் தண்ணில பாத்தாச்சு, வரி இல்லாத ஒயர்ல நுரை பொங்குச்சு. படத்துல நடு பிளஸ். சால்டர் பண்ணிட்டேன், லைட் எரியுது. நன்றி!

செம்புக்கம்பி:
முனைல பச்சை படிஞ்ச பகுதிய வெட்டிட்டுத்தானே சால்டர் பண்ணீங்க? உப்பு தங்கினா உள்ளயே அரிச்சுடும். பின்னோட வெளி விட்டமும் நடுத்துளையும் மி.மீ.ல 5.5×2.1ஆ, 5.5×2.5ஆ? ரௌட்டர்ல இருக்கற 2.1 ஜாக்ல 2.5 பின் தளர்வா நிக்கும். ஒயர் அசையும்போதெல்லாம் ரௌட்டர் ரீஸ்டார்ட் ஆகும்.