எழுத்தில் ‘விக்சுவல்ஸ்’, ஒலிப்பில் ‘விட்டல்ஸ்’: கப்பற்சொற்கள் குறித்து ஓர் ஐயம்

கேள்வி:
பாய்மரக் கப்பற்பயணம் பற்றிய பழைய ஆங்கிலக் குறிப்பு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். விக்சுவல்ஸ், போட்ஸ்வெயின், ஃபோர்காசில் என்று நான் எழுத்துக்கூட்டிப் படித்த சொற்களுக்கு, அகராதி முறையே விட்டல்ஸ், போசன், ஃபோக்சல் என்று ஒலிப்புத் தருகிறது. எழுத்தில் உள்ளதில் பாதி எங்கே போயிற்று? இவற்றின் பொருளையும் சேர்த்து விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1:
விட்டல்ஸ் என்றால் உணவுப்பொருள்கள். இச்சொல் பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தபோது அதில் ‘சி’ என்ற எழுத்தே கிடையாது. இலத்தீன் மூலத்தில் அந்த எழுத்து இருப்பதைக் கண்ட கற்றறிந்தோர் பிற்காலத்தில் அதைச் செருகினார்கள். பேசுவோர் நாக்கு அதைப் பொருட்படுத்தவில்லை. கடனைக் குறிக்கும் டெட்டில் ஒலிக்காத ‘பி’யும், குற்றஞ்சாட்டுவதைக் குறிக்கும் இண்டைட்டில் ஒலிக்காத ‘சி’யும் இப்படிப் புகுந்தவையே.

மறுமொழி 2:
மற்ற இரண்டும் வேறு வகை. நம் இலக்கணத்தில் சொல்வதானால் மரூஉ. ‘அருமருந்தன்ன பிள்ளை’ என்பது ‘அருமந்த பிள்ளை’ ஆனதும் நாம் அதையே எழுதவும் தொடங்கிவிட்டோம். ஆங்கிலேயரோ மூலவடிவத்தைத் தாளிலும் மருவிய வடிவத்தை வாயிலும் வைத்துக்கொண்டார்கள். கயிறு, பாய், நங்கூரம் ஆகியவற்றையும் மேல்தள ஆட்களையும் கவனிப்பவர் போசன். அச்சொல்லின் பின்பாதியான ‘ஸ்வெயின்’ பணியாளைக் குறிக்கும் பழைய வடமொழிச் சொல் (நம் வடமொழியன்று, ஸ்காண்டிநேவியர் மொழி). படகில் சுக்கான் பிடிக்கும் காக்சனிலும் அதே ஸ்வெயின்தான் தேய்ந்து கிடக்கிறது. ஃபோக்சல் என்பது கப்பலின் முன்பகுதி. இடைக்காலக் கப்பல்களில் வீரர்கள் நின்று போரிடக் கோட்டைபோல் அங்கே ஒரு மேடை இருந்தது. பிற்காலத்தில் மாலுமிகள் உறங்கும் இடமாயிற்று. ஆகவே, ‘முன்கோட்டை’ என்று மொழிபெயர்த்துவிடாதீர்கள். நம் கடற்கரையோர் வழங்கும் ‘அணியம்’ என்ற சொல் பொருத்தமாக இருக்கும்.

மறுமொழி 3:
ஒரு சிறு திருத்தம். ஆங்கிலேயரும் சிலவேளை மரூஉவை எழுதுவதுண்டு. போசனை ஒலிப்பின்படி எழுதும் வடிவம் அகராதிகளில் உள்ளது. எழுத்து ஒலியை வென்ற இடங்களும் உண்டு. நெற்றியைக் குறிக்கும் சொல்லை முன்பு ‘ஹாரிட்’ என்பதோடு இயையும்படி ‘ஃபாரிட்’ என்றார்கள். இன்று பெரும்பாலோர் எழுத்துக்கூட்டி ‘ஃபோர்ஹெட்’ என்றே சொல்கிறார்கள்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. அணியத்தையே எடுத்துக்கொள்கிறேன். கப்பல் வந்து அணையும் துறைமேடைக்கு அந்நூலில் ‘கியூ, யூ, ஏ, ஒய்’ என்று எழுதியிருக்கிறதே, அது ‘குவே’ தானே?

மறுமொழி 2:
இல்லை, ‘கீ’. சாவிக்கான ஆங்கிலச் சொல்லும் இதுவும் ஒலியில் ஒன்றே. முன்பு எழுதியதும் அப்படித்தான். பிரெஞ்சு எழுத்தைப் பார்த்துப் பின்னர் மாற்றிக்கொண்டார்கள், ஒலியை மாற்றவில்லை.