மறு: ‘சென்ஸ் டேட்டம்’ – புலன்தரவா, சுட்டுணர்வா, வேறா?

அன்புள்ள குழு நண்பர்களுக்கு,

வணக்கம். முந்தாநாள் ‘சென்ஸ் டேட்டம்’ என்பதற்குப் ‘புலன்வரவு’ என்று ஒரு சொல்லை வீசிவிட்டு ஒதுங்கியவன்தான் எழுதுகிறேன். அதற்கு வந்த அடியில் பாதி நியாயமானது என்பதால், சொல்லைத் திரும்பப் பெற்றுக்கொண்டு மீதிப் பாதிக்கு மட்டும் பதில் சொல்கிறேன்.

கேள்வி நடுவில் புணர்ச்சி விதிகளுக்குள் காணாமல் போய்விட்டதால் ஒருமுறை நினைவூட்டுகிறேன். கல்லூரி மாணவர்களுக்காக மேலைத் தத்துவப் பாடத்தை மொழிபெயர்க்கும் நண்பர், ‘சென்ஸ் டேட்டம்’ (ஒன்றைப் பார்க்கும்போது நமக்கு நேராகத் தெரிகிற நிறம், வடிவு போன்றது) என்பதற்குத் தமிழ் கேட்டார். சென்சேஷன், பர்செப்ஷன் இரண்டுக்கும் அவரிடம் ஏற்கெனவே சொல் இருக்கிறது. உளவியல் பாடநூல்களில் புழங்கும் புலனுணர்வு, புலன்காட்சி ஆகியவையே அவை. அவற்றில் எனக்கும் தகராறு இல்லை.

> ‘தரவு’ என்பது ‘தரு’ என்ற வினையடியாகப் பிறந்தது. லத்தீனில் டேட்டம் என்றாலும் தரப்பட்டது என்றே பொருள். இதைவிடப் பொருத்தம் எங்கே கிடைக்கும், ஐயா?

சொற்பிறப்புப்படி பொருத்தம்தான், மறுக்கவில்லை. கலிப்பாவின் முதல் உறுப்புக்கே தரவு என்று பெயர் வைத்தவர்கள் நாம். ஆனால் இன்றைக்குத் தரவு என்றதும் வாசகர் மனத்தில் வருவது எக்செல் கட்டம். புலனோடு சேர்த்தால் இன்னும் மோசம். இலக்கணப்படி ‘புலற்றரவு’ என்றுதான் எழுத வேண்டும் என்று ஒருவர் சொல்கிறார். மருந்துச் சீட்டில் எழுதிய பெயர் மாதிரி இருக்கிறது. அதற்குப் பயந்து ‘புலத்தரவு’ என்று மாற்றினால், புல எண், பட்டா, கிராம நிர்வாக அலுவலர் என்று எண்ணம் வேறு பக்கம் போய்விடுகிறது.

இதெல்லாம் ஓசைச் சிக்கல், பழகினால் சரியாகிவிடும். பழகினாலும் சரியாகாத சிக்கல் ஒன்று உண்டு. அதைச் சொல்ல, இந்தச் சொல் எதைக் குறிக்கப் பிறந்தது என்று பார்க்க வேண்டும்.

1910–11இல் லண்டன் மார்லி கல்லூரியில் ஆங்கிலத் தத்துவவாதி ஜி. இ. மூர் விரிவுரை நடத்தினார். ஒருநாள் ஒரு கடித உறையைக் கையில் தூக்கிக் காட்டினார். உறை ஒன்றுதான், பார்ப்பவர்கள் பலர். எதிரே இருப்பவருக்குத் தெரியும் வடிவமும் ஓரத்தில் இருப்பவருக்குத் தெரியும் வடிவமும் ஒன்றல்ல. வெளிச்சம் விழும் பக்கத்தைப் பொறுத்து நிறமும் ஆளுக்கு ஆள் கொஞ்சம் மாறுகிறது. அப்படி ஒவ்வொருவருக்கும் நேராகத் தெரிகிற நிறத்திட்டும் வடிவும்தான் சென்ஸ் டேட்டா. 1912இல் தத்துவவாதி பெர்ட்ரண்ட் ரஸ்ஸல் மேசையை வைத்து இதையே விளக்கினார். 1932இல் எச். எச். பிரைஸ் தக்காளியைக் கையில் எடுத்தார். அது மெழுகுப் பொம்மையாக இருக்கலாம், கண்ணாடியில் விழுந்த நிழலாகவோ பிரமையாகவோகூட இருக்கலாம். ஆனால் சிவப்பாக, உருண்டையாக ஏதோ ஒன்று இப்போது எனக்குத் தெரிகிறது என்பதைச் சந்தேகிக்க முடியாது என்றார்.

ஆக, இங்கே இருப்பவை மூன்று: உறை, பார்க்கும் செயல், பார்க்கும்போது தெரிவது. பின்னிரண்டையும் சென்சேஷன் என்ற ஒரே சொல்லால் சொல்லிக் குழப்புகிறார்கள் என்பதே மூரின் மனக்குறை. அதற்காகவே மூன்றாவதற்குத் தனிப் பெயர் தேவைப்பட்டது. நம் சொல்லும் மூன்றாவதை மட்டும் பிடிக்க வேண்டும், செயலைத் தொடக்கூடாது. அந்தத் தெரிவது எங்கிருந்து வந்தது, யார் தந்தது என்பதிலும் வாயைத் திறக்கக்கூடாது. பிரைஸின் தக்காளி பிரமையாக இருந்தால், தந்தவர் என்று யாருமே இல்லையே! ‘தரவு’ அங்கேதான் தடுமாறுகிறது. ஆங்கிலச் சொல்லுக்கும் அதே கோளாறு உண்டு என்று சொல்வீர்கள். உண்டு. அவர்கள் கோளாறை நாம் ஏன் சுமக்க வேண்டும்?

> மணிமேகலையில் ‘சுட்டுணர்வு’ இருக்கும்போது புதுச் சொல் எதற்கு?

இந்த வரியைப் படித்ததும் எழுந்துபோய்ப் புத்தகத்தை எடுத்துவிட்டேன். இந்த இழையிலேயே எனக்கு மிகப் பிடித்த யோசனை இதுதான், ஆனாலும் வேண்டாம் என்கிறேன்.

29ஆம் காதை. கச்சியில் (காஞ்சிபுரம்) அறவண அடிகள் மணிமேகலைக்கு அளவை இயல், அதாவது எதைக் கொண்டு அறிகிறோம் என்னும் ஆய்வைச் சொல்லிக்கொடுக்கிறார். அளவை இரண்டே, ஒன்று பிரத்தியம் (நேர்க்காட்சி), மற்றது கருத்தளவு (அனுமானம்) என்று தொடங்கி, சுட்டுணர்வுதான் பிரத்தியம் என்கிறார். நாமம், சாதி, குணம், கிரியை இவற்றை அதிலிருந்து விட்டுவிட்டார்கள் என்றும் சேர்த்துச் சொல்கிறார். இது பௌத்தத் தருக்க அறிஞர் திக்நாகரின் கொள்கை. எதிரே ஒரு மாடு நிற்கிறது. ‘இலட்சுமி’ என்றால் பெயர், ‘மாடு’ என்றால் இனம், ‘வெள்ளை’ என்றால் பண்பு, ‘மேய்கிறது’ என்றால் தொழில். இவை எல்லாம் மனம் மேலே ஒட்டும் சீட்டுகள். சீட்டுகளை உரித்தபின் மிஞ்சுவதே காட்சி. அதற்குச் ‘சுட்டுணர்வு’ என்று தமிழில் பெயர் வைத்தவர் பெரிய ஆள். விரலை நீட்டி ‘இது’ என்பதற்கு மேல் ஒரு சொல்லும் சொல்ல முடியாத நிலை அல்லவா அது! 1918இல் ரஸ்ஸல் நிகழ்த்திய விரிவுரைகளில், தருக்க நோக்கில் உண்மையான பெயர்கள் என்று சொல்லத்தக்கவை ‘இது’, ‘அது’ போன்றவைதாம் என்றார். அவை சுட்டுவதும் புலனுக்கு நேராகத் தெரிவதைத்தான். இரண்டு பேரும் சுட்டெழுத்தில் வந்து நின்றிருக்கிறார்கள் என்பதைக் கவனித்தபோது எனக்கு அன்று தூக்கம் வரவில்லை.

அப்புறம் ஏன் வேண்டாம்? சுட்டுணர்வு ஓர் உணர்வு. அது அறிதல் பக்கம் நிற்கிறது, அறியப்படுவதன் பக்கம் அல்ல. தவிர, திக்நாகர் அறிவையும் அதில் தோன்றும் உருவையும் இரண்டாகப் பிரிக்க மறுத்தவர். மூர் அந்தப் பிரிவுக்காகவே பெயர் வைத்தவர். ஒருவர் வீட்டுச் சாவியைக் கொண்டு அடுத்தவர் வீட்டைத் திறக்கப் பார்ப்பது போல ஆகிவிடும். சுட்டுணர்வைப் பெயர், இனம் எதுவும் ஒட்டாத நிர்விகற்பக் காட்சிக்கே வைத்துக்கொள்வோம். சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரின் அளவைப் பகுதியில் வாயிற் காட்சி, மானதக் காட்சி, தன்வேதனைக் காட்சி, யோகக் காட்சி என்று வரும் நான்கும்கூட காட்சியின் வகைகளே தவிர, காட்சியில் தெரிவதன் பெயர்கள் அல்ல. நம் பழைய நூல்களில் கிடைப்பதை எல்லாம் மேலைச் சொற்களுக்கு நேராக ஒட்டிக்கொண்டே போனால், கடைசியில் இரண்டு பக்கத்தையும் தப்பாகப் படிப்போம். (இதைச் சொன்னதற்காக என்னைப் பழமையின் எதிரி என்று யாரும் எழுத வேண்டாம், போன மாதமே ஒருமுறை எழுதிவிட்டீர்கள்.)

சரி, என் ‘புலன்வரவு’க்கு வருகிறேன். ஐம்பொறியை வாயில் என்று வள்ளுவர் முதல் சித்தியார் வரை சொல்லியிருக்கிறார்கள்; வாயில் வழியே வருவது வரவு என்று நினைத்தேன். யாழ்ப்பாணத்து அக்கா ஒரே வரியில் கவிழ்த்துவிட்டார்:

> வருகிறது என்று யார் சொன்னது? நியாய மரபில் கண்ணல்லவா பொருளிடம் போகிறது?

அக்கா சொல்வது சரி. இந்தியத் தருக்கப் பள்ளியான நியாய மரபில் புலனும் பொருளும் தொட்டால்தான் காட்சி. தூரத்து மலையைக் கண் எப்படித் தொடும்? கண்ணிலிருந்து ஒளிக்கதிர் புறப்பட்டுப் போய்த் தொடுகிறது. அதற்குச் சான்றாக, இரவில் திரியும் பிராணிகளின் கண் மின்னுவதை நியாய சூத்திரமே எடுத்துக் காட்டுகிறது. நம் வீட்டுப் பூனையை இருட்டில் பார்த்த எவரும் இதை எளிதில் புறந்தள்ள முடியாது. கிரேக்கத்திலும் இதே கட்சி உண்டு. பிளேட்டோ கண்ணுக்குள்ளிருந்து மென்மையான தீ வெளியே பாய்ந்து பகல் ஒளியோடு சேர்வதாகச் சொன்னார். யூக்ளிட் கண்ணிலிருந்து கிளம்பும் நேர்கோடுகளைக் கொண்டே பார்வையின் கணக்கை எழுதினார். எதிர்க்கட்சியில் டெமாக்ரிட்டஸ், எபிகியூரஸ்: பொருளிலிருந்து மெல்லிய உருவங்கள் உரிந்து வந்து நம்மைத் தொடுகின்றன என்றார்கள். அரிஸ்டாட்டில் இரண்டிலும் சேராமல், மோதிரத்தின் பொன்னை வாங்காமல் முத்திரையை மட்டும் வாங்கும் மெழுகைக் காட்டினார். 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அரபு அறிஞர் இப்னு அல்-ஹைதம், சூரியனைப் பார்த்தால் கண் வலிப்பதையும் பிறகு அதன் சுவடு கண்ணில் தங்குவதையும் காட்டி, ஒளி உள்ளேதான் வருகிறது என்று வாதிட்டார். 1604இல் வானியலாளர் கெப்ளர் விழித்திரையில் படம் விழுவதை விளக்கியபின் வழக்கு பெரும்பாலும் முடிந்தது.

வழக்கு முடிந்தாலும், அந்த வரலாற்றைச் சொல்லும் அதே பாடநூலில் நம் சொல் புழங்கப் போகிறது. வரவு என்று பெயர் வைத்தால் பிளேட்டோவும் நியாயத்தாரும் முதல் பக்கத்திலேயே தோற்றுவிடுவார்கள். எனவே வரவு வேண்டாம்.

இதை யோசித்துக்கொண்டிருந்தபோது ஒரு பேச்சு வழக்கு நினைவுக்கு வந்தது. ‘சாவி கண்ணில் பட்டது’ என்கிறோம். பொருள் கண்ணிடம் வருகிறது. ‘குழந்தைமேல் கண் பட்டுவிட்டது’ என்றும் சொல்லி, உப்பு மிளகாய் சுற்றிப் போடுகிறோம். அங்கே கண் பொருளிடம் போகிறது. இரண்டுக்கும் ஒரே வினை, படு. கெப்ளரும் சரி, திருஷ்டி கழிக்கும் பாட்டியும் சரி, இதை மறுக்கப் போவதில்லை. ‘படு’வில் தருபவர் இல்லை, திசை இல்லை, ‘தென்பட்டது’ என்னும்போது பொருள் உண்மையா பிரமையா என்ற தீர்ப்பும் இல்லை. புலப்படு என்ற சொல்லும் நம்மிடம் தயாராகவே இருக்கிறது.

ஆகவே என் முன்மொழிவு: புலப்பாடு. பன்மை புலப்பாடுகள்.

வரப்போகும் மறுப்புகளில் சில எனக்கே தெரிகின்றன. ‘பாடு’ செயலைக் குறிக்காதா, அப்புறம் மூரின் குறை திரும்பி வராதா? சில இடங்களில் குறிக்கும். ஆனால் கோட்பாடு என்றால் கொள்ளும் செயல் அல்ல, கொள்ளப்பட்டது. அதனால்தான் கோட்பாடுகளை எண்ண முடிகிறது. சாப்பாட்டைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். இலக்கியத் திறனாய்வில் புலப்பாட்டு நெறி என்று இருக்கிறதே என்றால், அது வெளிப்படுத்தும் முறை பற்றியது. துறை வேறு, சூழல் காட்டிக்கொடுத்துவிடும். புலத்தல் என்றால் காதலியின் ஊடல் அல்லவா என்று கேட்கப் போகிறவருக்கு: ஐயா, உங்களுக்கு இந்தப் பாடத்தை விடக் குறளின் 131ஆம் அதிகாரம்தான் இனிக்கும், அங்கேயே இருங்கள்.

கனமான மறுப்பு ஒன்று இருக்கிறது. 1956இல் அமெரிக்கத் தத்துவவாதி வில்ஃபிரிட் செல்லர்ஸ், அறிவுக்கு அடித்தளமாக ஏதோ ஒன்று நமக்குச் சும்மா தரப்பட்டிருக்கிறது என்ற எண்ணத்தையே கட்டுக்கதை என்று தாக்கினார். அந்தத் தாக்குதலின் கூர்மை ‘தரப்பட்டது’ என்ற சொல்லில் இருக்கிறது. புலப்பாடு அந்தச் சாயலைத் துடைத்துவிடுகிறது. உண்மை, இது இழப்புதான். செல்லர்ஸ் வரும் அதிகாரத்தில் ‘தரப்பட்டது’ என்பதைத் தனிக் கலைச்சொல்லாகவே வைத்து, ‘புலப்பாட்டைத் தரப்பட்டதாகக் கொள்வது’ என்று எழுதலாம். வாக்கியம் நீளும், ஆனால் அவர் எதைத் தாக்குகிறார் என்பது தெளிவாகும். சென்ஸ் டேட்டாவையே மறுத்த தத்துவவாதி ஆஸ்டின் விஷயத்தில் எனக்குக் கவலை இல்லை. தண்ணீரில் பாதி முங்கிய குச்சி வளைந்து தெரிந்தால், தெரிவது குச்சிதான், வளைந்த இன்னொரு பொருளை ஏன் உண்டாக்குகிறீர்கள் என்று கேட்டவர் அவர். புலப்பாடு என்று பெயர்ச்சொல்லாக்கியதும் நாமும் அந்தக் குற்றத்தைச் செய்கிறோம் என்பது தெரிகிறது. அவர் திட்டுவதற்கு வசதியாக இருக்கும்.

சோதனைக்கு இரண்டு வாக்கியம்:

‘நாம் நடக்க நடக்க மேசையின் புலப்பாடுகள் மாறுகின்றன, மேசை மாறுவதில்லை.’

‘பிரமையில் புலப்பாடு உண்டு, பொருள் இல்லை.’

இவற்றில் ‘புலன்தரவு’ என்று மாற்றிப் போட்டு ஒருமுறை சத்தமாகப் படித்துப் பாருங்கள். முதல் வாக்கியத்தை என் வீட்டில் படித்துக் காட்டினேன். தத்துவம் படிக்காதவர்கள். சொல்லுக்கு அர்த்தம் யாரும் கேட்கவில்லை. “மேசை மாறலைன்னு உனக்கு எப்படித் தெரியும்?” என்று மட்டும் கேட்டார்கள். மனத்துக்கு வெளியே பொருளே இல்லை என்ற பெர்க்லியின் அதிகாரத்தை மொழிபெயர்க்கும்போது அந்தக் கேள்வியை அப்படியே போட்டுக்கொள்ளும்படி நண்பரைக் கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
புலன்வரவைத் திரும்பப் பெற்றவன்

பி.கு.: பர்செப்ஷனுக்கு இலங்கையில் புலக்காட்சி என்றும் இங்கே புலன்காட்சி என்றும் எழுதுகிறார்கள். எனக்குப் புலக்காட்சிதான் பிடித்திருக்கிறது, புலப்பாட்டோடு ஓசையும் சேர்கிறது. அக்கா, இந்த ஒன்றில் நாம் இருவரும் ஒரே கட்சி என்று நினைக்கிறேன்.