மேடையில் பதிலுக்குப் பதில் நக்கல்: எதைத் தொடலாம், எதைத் தொடக் கூடாது?

கொழிஞ்சாம்பாறைத் தம்பி:
எங்கள் பக்கம் கல்யாணம், நோம்பி என்று எது வந்தாலும் மாமன் மச்சான் முறைக்காரர்கள் ஒருவரை ஒருவர் நக்கல் அடிப்பது வழக்கம்தான். இந்த வருஷம் மாரியம்மன் நோம்பிக்கு இரண்டு கட்சியாகப் பிரிந்து மேடையிலேயே மோதலாம் என்று இளவட்டங்கள் சேர்ந்து ஒத்திகை பார்த்தோம். கொஞ்ச நேரம்கூட ஓடவில்லை. ஒருவன் நிறத்தைச் சொன்னான், மற்றவன் அவன் அப்பாவின் கடனை இழுத்தான், அப்புறம் பேச்சே நின்றுவிட்டது. சுருக்கென்றும் இருக்க வேண்டும், மறுநாள் ஒரே பந்தியில் உட்காரவும் வேண்டும். என்ன செய்யலாம்?

நல்லேப்பிள்ளி அண்ணன்:
தம்பி, நம் பாலக்காட்டு நாட்டுப்புறக் கூத்தான பொறாட்டு நாடகம் எங்கே நடந்தாலும் போய் உட்கார்ந்து, கேள்வி கேட்கிற சோத்தியக்காரனை மட்டும் கவனியுங்கள். தாசி, குறவன், குறத்தி என்று வருகிற ஒவ்வொரு வேஷத்தையும் நிறுத்தி, நீ யார், எந்த ஊர், இங்கே என்ன வேலை என்று மடக்குவான். வேஷக்காரர் தமிழும் மலையாளமும் கலந்து திருப்பிக் கொடுப்பார், கூட்டம் கைதட்டும். சோத்தியக்காரன் ஜெயிக்க வந்தவன் இல்லை, எதிராளி நன்றாகப் பதில் சொல்ல இடம் எடுத்துக் கொடுப்பவன். அப்பன் கடனுக்கு அந்தப் பையன் என்ன பதில் சொல்வான்? நிறத்துக்கு என்ன பதில்? பதிலுக்கு இடமில்லாததைச் சொன்னால் அது வெறும் வசவு. அவன் அடிக்கிற பெருமையை எடுங்கள், அவன் வண்டியை, சட்டையை, பாடுகிற லட்சணத்தை எடுங்கள். எல்லாவற்றுக்கும் அவனிடம் பதில் இருக்கும்.

தஞ்சாவூர் மருமகள்:
அண்ணா சொன்னது சரி, ஆனால் ஒரு தலைப்பும் வேண்டும். எங்கள் தஞ்சாவூர்ப் பக்கம் மாசியில் காமன் பண்டிகைக்கு, கேள்வியும் பதிலுமாகப் போட்டி போட்டுப் பாடுகிற லாவணி பாடுவார்கள். சிவன் நெற்றிக்கண்ணில் மன்மதன் எரிந்தான் என்று ஒரு கட்சி, எரியவில்லை என்று ஒரு கட்சி. எவ்வளவு காரமாகத் திட்டினாலும் அது மன்மதனை வைத்துத்தான், ஆளுக்கு வலிக்காது. நீங்கள் கட்டன் சாயாவா பால் காப்பியா என்று பிரியுங்கள். விட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் அடுத்த கேள்வி போடக் கூடாது என்றும் வையுங்கள்.

செங்கோட்டை வாத்தியார்:
தலைப்புக்குள்ளேயே சுற்றினால் பட்டிமன்றம் ஆகிவிடும், ஆளையும் தொட வேண்டும். கம்பர் ஆரைக்கீரையை விடுகதையாக்கி 'அடீ' போட்டு ஔவையைக் கேட்டதாகவும், அவர் 'எட்டேகால் லட்சணமே' என்று ஆரம்பித்ததாகவும் ஒரு கதை உண்டே. தமிழ் எண்ணில் எட்டுக்கு அ, காலுக்கு வ. அவலட்சணமே என்றுதான் திட்டுகிறார். எமன் ஏறும் பரி என்று எருமையையும், ராமன் தூதுவன் என்று குரங்கையும் சேர்த்துக்கொண்டு, கடைசியில் 'ஆரையடா' என்று விடையையும் சொல்லி, அந்த 'அடீ'க்கு 'அடா'வையும் திருப்பிக் கொடுத்துவிட்டார். கேட்கிறவன் முடிச்சை அவிழ்க்கிற அந்தக் கணத்தில்தான் கோபம் சிரிப்பாக மாறுகிறது. எருமை என்று நேரே சொல்லியிருந்தால் கைகலப்புதான். பையன்களையும் எதையும் நேரே சொல்லாமல் இப்படி முடிச்சுப் போட்டு எழுதி வரச் சொல்லுங்கள்.

கொழிஞ்சாம்பாறைத் தம்பி:
ரொம்ப நன்றிங்க. தலைப்பு சாயா காப்பியேதான், அதற்குள் ஆளையும் தொடலாம். வீடு, உடம்பு, சாதி மூன்றும் வாயில் வரவே கூடாது என்று சொல்லிவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை மறுபடி ஒத்திகை, நடுவில் சோத்தியக்காரனாக நானே நிற்கிறேன்.