இரட்டைச் சூரியன் உலகத்தில் மதன் எப்போது எரிவான்?

மூணாம் நம்பர் மலை:
ஒரு கற்பனைக் கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். வானத்தில் இரண்டு சூரியன்கள். பெரியவன் பெயர் மூத்தான், மஞ்சள். சின்னவன் மதன், சிவப்பு. ஒன்றையொன்று 41 நாளில் சுற்றும். என் சனங்கள் வாழும் உலகம் இரண்டையும் சேர்த்து வெளியிலிருந்து சுற்றும். கணக்கெல்லாம் கெப்ளர்-16 என்ற நிஜ இரட்டை விண்மீனில் எடுத்தது. அதன் கோளை 2011இல் அறிவித்தார்கள்.

இலங்கையில் பொகவந்தலாவைப் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டத்தில் மாசி மாதம் காமன் கூத்து நடக்கும், சிவன் மதனை எரித்த கதை. தாத்தா மதனின் மனைவி ரதியாக வேஷம் கட்டியவர். மீசையை மழித்துவிட்டு, அப்பாயியின் கலியாணச் சேலையைச் சுற்றிக்கொண்டு, மதன் எரிந்ததும் தரையில் கையை அறைந்து அழுவார். அப்பாயி பார்க்கமாட்டார், லயத்து வீட்டுக்குள் போய்விடுவார். சேலை பாழாகிறதே என்ற கோபம் என்றுதான் சொல்வார்.

அதே நினைப்பில், மதன் மூத்தானுக்குப் பின்னால் போய் மறையும் நாளில் ஊரே இருண்டு, தப்புப் பறை அடித்து ஒப்பாரி வைப்பதாக எட்டுப் பக்கம் எழுதிவிட்டேன். இப்போதுதான் சந்தேகம். சின்னச் சூரியன் மறைந்தால் இருட்டுமா? 41 நாளைக்கு ஒரு திருவிழா சரிதானா?

பதுளைத் தொலைநோக்கி:
எட்டுப் பக்கத்தைக் கிழிக்க வேண்டாம் தங்கச்சி, திருப்பிப் போட வேண்டும். கெப்ளர்-16இல் சின்னது முழுக்கப் பின்னால் மறையும்போது குறைகிற வெளிச்சம் 1.6 சதவீதம்தான். யாருக்கும் தெரியாது. அது பெரியதன் முன்னால் வந்து நிற்கும்போதுதான் 13 சதவீதம் குறைகிறது. இது நம் தூரத்திலிருந்து பார்த்து அளந்தது. உங்கள் ஆட்கள் கிட்டே இருப்பதால் முன்னால் வருபவன் இன்னும் பெரிதாகத் தெரிவான், இன்னும் மங்கும். இருந்தாலும் இருட்டு வராது. 2019 டிசம்பர் 26 காலையில் நம் பக்கமும் சூரியனில் பெரும்பகுதி மறைந்ததே. மப்பு போட்ட மாதிரிதான் இருந்தது, எங்கள் வீட்டுக் கோழிகூட அடையவில்லை.

அப்புறம், 41 நாள் பிழை. கோளும் 229 நாளில் ஒரு சுற்று நகர்ந்துகொண்டே இருப்பதால், அங்கே நிற்பவருக்கு மதன் மறைவது ஏறக்குறைய 50 நாளைக்கு ஒருமுறை. அவர்கள் வருஷத்துக்கு நாலரைத் தடவை. திருவிழா ஒரே பருவத்தில் நிற்காது, பஞ்சாங்கக்காரருக்கு நல்ல பிழைப்பு.

சும்மா வந்தவன்:
அந்தக் கோள் சனி மாதிரி வாயுக் கோள். காலை எங்கே ஊன்றி ஒப்பாரி வைப்பது?

பதுளைத் தொலைநோக்கி:
அதற்கு ஒரு நிலாவைக் கற்பனை பண்ணி அதில் குடிவைக்கட்டும்.

கொட்டகலை மாமா:
எனக்கு விஞ்ஞானம் தெரியாது பிள்ளை. ஒரு கேள்விதான். இரண்டும் சேர்ந்தே உதிக்குமா? பிரட்டுக்கு, அதான் காலையில் வேலைக்குப் பேர் கொடுக்க, எந்தச் சூரியனைப் பார்த்துப் போவது?

பதுளைத் தொலைநோக்கி:
நல்ல கேள்வி மாமா. இரண்டும் விலகி நிற்கும் காலத்தில் 18 பாகை வரை இடைவெளி தெரியும். கையை நீட்டி முட்டி பிடித்தால் ஒரு முட்டி 10 பாகை, கிட்டத்தட்ட இரண்டு முட்டி. நாள் 24 மணி என்றால் ஒன்று உதித்து ஒரு மணி நேரத்துக்கு மேல் கழித்துத்தான் மற்றது.

கொட்டகலை மாமா:
அப்போ துரை முதல் சூரியனைப் பார்த்துப் பிரட்டுக்குக் கூப்பிடுவான், கடைசிச் சூரியனைப் பார்த்துத்தான் கொழுந்து நிறுக்க விடுவான். சம்பளம் மட்டும் ஒரு நாளுக்கு. இதை எழுதாமல் விட்டுவிடாதே.

மூணாம் நம்பர் மலை:
மாமா, அது இப்போதே முதல் அத்தியாயத்துக்குப் போய்விட்டது.

பதுளை அண்ணா, 1.6ஐப் பார்த்து முதலில் மனம் விட்டுப்போனது. பிறகு எங்கள் காலை நேரம் ஞாபகம் வந்தது. பனிமூட்டத்துக்குள் சூரியன் வெள்ளித் தட்டு மாதிரி ஓரம் தெளிவாகத் தெரியும், கண் கூசாது. (பார்க்கக் கூடாதுதான், சின்னதில் யார் கேட்டோம்.) என் உலகத்திலும் மலைக்காரர்கள் மூட்டத்துக்குள்ளே இரண்டு தட்டையும் பார்ப்பார்கள். மதன் மூத்தானிடம் போய் ஒட்டுவதும், ஒரு காலை காணாமல்போவதும் அவர்களுக்கு மட்டும் தெரியும். வெளிச்சம் குறையாது, ஆனால் அழுவார்கள். சமவெளிக்காரர்களுக்குப் பனி கிடையாது, கூசும் வெயில்தான். 25 நாள் கழித்து வெயில் மங்குவது மட்டும் தெரியும். மதன் சாகவில்லை, மூத்தானை மறித்து நின்றான் என்பார்கள். லாவணிப் பாட்டில் மதன் எரிந்தானா இல்லையா என்று எரிந்த கட்சி, எரியாத கட்சியாகப் பிரிந்து பாடுவார்களே, அதுபோல இரண்டு ஊரும் சந்தையில் நின்று சண்டை பிடிக்கும்.

எட்டுப் பக்கத்தில் ஒன்றரை தேறும். அன்றைக்குப் பார்த்து மூட்டம் கலைந்துவிட்டால் மலைக்காரர்கள் எப்படிக் கண்டுபிடிப்பது?

பதுளைத் தொலைநோக்கி:
சாயங்காலத்தில் எண்ணிக்கொண்டு வரட்டும். இரண்டும் மறையும் இடைவெளி நாளுக்கு நாள் சுருங்கும். ஒருநாள் சேர்ந்தே இறங்கும்.

மூணாம் நம்பர் மலை:
சரி. அந்த எண்ணிக்கையை அப்பாயி மாதிரி ஒருத்தியிடம் கொடுத்துவிடுகிறேன். கணக்கு வைப்பாள், கூத்துக்கு மட்டும் வரமாட்டாள்.