கலைச்சொல் உதவி: லஞ்ச வழக்கில் 'பிரிசம்ப்ஷன்', வெள்ளிக்குள் வேண்டும்

குறிஞ்சி எழுதியது:

குழுவினருக்கு வணக்கம். சட்டக் கல்லூரி மாணவர்களுக்காக லஞ்ச வழக்குகள் பற்றிய பாடக்குறிப்பு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. பிரிசம்ப்ஷன், அதாவது ஒன்றை உண்மை என்று நீதிமன்றம் எடுத்துக்கொள்வது, என்ற சொல்லில் மாட்டிக்கொண்டேன்.

நீரஜ் தத்தா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2022 டிசம்பர் 15 அன்று சொன்னதுதான் பாடம். அரசு ஊழியர் பணம் கேட்டார், வாங்கினார் என்ற இரண்டையும் அரசுத் தரப்பு நிரூபித்தாக வேண்டும். பொறிவைத்துப் பிடிக்க ரசாயனம் தடவிக் கொடுத்த நோட்டு சட்டைப்பையில் இருந்தது, கை கழுவிய நீர் இளஞ்சிவப்பானது என்பது மட்டும் போதாது. ஆனால் புகார்தாரர் இறந்துபோனாலோ பிறழ்சாட்சி ஆனாலோ (முன்பு சொன்னதை நீதிமன்றத்தில் மாற்றிச் சொன்னாலோ) வழக்கு தானாகச் செத்துவிடாது. மற்ற சாட்சியங்களையும் சூழ்நிலையையும் வைத்து, கேட்டார், வாங்கினார் என்ற முடிவுக்கு நீதிமன்றம் வரலாம். வராமலும் இருக்கலாம். இது முதல் வகை.

இந்த இரண்டும் நிலைநாட்டப்பட்ட பிறகு ஊழல் தடுப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு வருகிறது. வாங்கிய பணம் அலுவல் தொடர்பான லஞ்சம்தான் என்று நீதிமன்றம் எடுத்துக்கொண்டே ஆக வேண்டும், எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) அதை மறுத்து நிரூபிக்கும் வரை. இது இரண்டாம் வகை. இரண்டுக்கும் 'அனுமானம்' என்றே எழுதிவருகிறோம். 'லாம்' எது, 'வேண்டும்' எது என்று மாணவர்களுக்குப் பிடிபடுவதில்லை. தனித்தனிச் சொல் கொடுங்கள்.

புலவர் எழுதியது:

அனுமானம் வடசொல். மணிமேகலை 'கருத்தளவு' என்று அழகாகச் சொல்கிறது. புகை கண்டு நெருப்பு உண்டென்று கருதுவது அது. முதல் வகைக்கு 'உய்த்துணர்வு' பொருந்தும். நன்னூல் சொல்லும் 32 உத்திகளில் கடைசி 'உய்த்துணர வைப்பு'. இருக்கும் சான்றைக் கொண்டு இல்லாததை உணர்வது.

இரண்டாம் வகையில் உணர்வதற்கு எதுவும் இல்லை, கொள்வதுதான் உண்டு. கொள் என்பது முதனிலை திரிந்து கோள் ஆகும், கெடு கேடு ஆவதுபோல. ஆகவே 'சட்டக்கோள்'. கருதுகோள், மேற்கோள், குறிக்கோள் எல்லாம் நிலைத்துவிட்டனவே.

நெல்லையான் எழுதியது:

ஐயா, எங்கள் பக்கம் கோள் என்றால் மூட்டிவிடுவது. சட்டம் கோள் சொல்லித்தான் தாசில்தார் உள்ளே போனார் என்று பையன்கள் எழுதுவார்கள். போதாததற்கு சூரியக் குடும்பம் வேறு. 'ஊகம்' என்று போட்டுவிட்டுப் போகலாமே? எல்லோருக்கும் புரியும்.

வழக்காடி எழுதியது:

ஊகம் மட்டும் வேண்டாம். "வெறும் ஊகத்தின் பேரில் தண்டிக்க முடியாது" என்றுதான் எதிரித் தரப்பில் நாங்கள் தினமும் வாதாடுகிறோம். சட்டமே ஊகிக்கச் சொல்கிறது என்று பாடத்தில் இருந்தால் எங்கள் பிழைப்பு கெடும்!

இன்னொன்று. எதிரியின் மேல் வரும் சுமை அரசுத் தரப்பின் சுமைக்குச் சமமானதல்ல. அவர் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கத் தேவையில்லை. கொடுத்த கைமாற்றுக் கடன் திரும்பி வந்தது என்பதற்குச் சாத்தியம் அதிகம் என்று காட்டினாலே 20ஆவது பிரிவு விழுந்துவிடும். எந்தச் சொல்லைப் போட்டாலும் அது மறுக்கக்கூடியது என்பது தெரிய வேண்டும். 'கோள்' கேட்டால் முடிந்த முடிவுபோல இருக்கிறது.

புலவர் எழுதியது:

வழக்காடி நண்பர் சொல்வது சரி. அப்படியானால் 'அருத்தாபத்தி' பாருங்கள். பகலில் உண்ணாத தேவதத்தன் பருத்திருக்கிறான், எனவே இரவில் உண்கிறான். அதைத் தத்துவ நூல்களில் ஆங்கிலப்படுத்துகிறவர்கள் இதே பிரிசம்ப்ஷன் என்ற சொல்லைத்தான் போடுகிறார்கள். சம்பளம் சிறுத்து மாளிகை பருத்தவர்களுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் உண்டா?

நெல்லையான் எழுதியது:

அனுமானம் வடசொல் என்று தள்ளிவிட்டு அருத்தாபத்தியா!

வழக்காடி எழுதியது:

சொத்துக் குவிப்புக்கு 20ஆவது பிரிவே வராது, ஐயா. அங்கே சொத்து எவ்வளவு, தெரிந்த வருமானம் எவ்வளவு, மிகை எவ்வளவு என்று அரசுத் தரப்பு முதலில் கணக்குக் காட்ட வேண்டும். பிறகுதான் எதிரி விளக்கம் சொல்ல வேண்டும். எல்லாம் கூட்டல் கழித்தல். ஜெயலலிதா வழக்கில் 2015இல் கர்நாடக உயர் நீதிமன்றம் மிகை 8.12 சதவீதம்தான் என்று விடுவித்தது. கடன் தொகைகளைக் கூட்டியதில் பிழை இருந்தது. 2017 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் விசாரணை நீதிமன்றத் தீர்ப்பையே மீட்டது. தேவதத்தனை அங்கே கூப்பிட்டால் எடைக் கருவியோடுதான் வர வேண்டும்.

குறிஞ்சி எழுதியது:

விவாதம் இனிக்கிறது, ஆனால் இன்று புதன். பணம் கேட்டதைக் 'கேட்பு' என்றும் வாங்கியதை 'ஏற்பு' என்றும் போட்டிருக்கிறேன். ஆட்சேபணை உண்டா?

நெல்லையான் எழுதியது:

கேட்பு வரைவோலை ஞாபகம் வருகிறது. லஞ்சத்தை டி.டி.யாக வாங்குகிறவர் இருந்தால் பொறி வைக்கவே வேண்டாம்.

வழக்காடி எழுதியது:

கேட்பு போகட்டும், வினையாகவே எழுதுங்கள்: பணம் கேட்டது, வாங்கியது. தீர்ப்பில் ஒரே பத்தியில் பத்து முறை வரும், வாய்க்கு எளிதாக இருக்கட்டும். லஞ்சத்துக்குச் சிலர் 'சட்டவிரோதக் கைம்மாறு' என்று எழுதுவதையும் தவிருங்கள்.

புலவர் எழுதியது:

அதை வழிமொழிகிறேன். கைம்மாறு வேண்டாக் கடப்பாடு என்று மழையைப் பாடிய சொல்லைக் கொண்டுபோய் இதில் தோய்ப்பதா? பழைய விவிலிய மொழிபெயர்ப்பில் 'பரிதானம்' உண்டு. வேண்டாம், கையூட்டு போதும். லஞ்சம் என்றே போட்டாலும் சண்டைக்கு வர மாட்டேன்.

குறிஞ்சி எழுதியது:

சரி, இப்படி முடிக்கிறேன். முதல் வகை: உய்த்துணர்வு, கூடவே 'உய்த்துணரலாம்'. இரண்டாம் வகை: சட்ட அனுமானம், கூடவே 'அனுமானித்தாக வேண்டும், எதிரி மறுத்து நிரூபிக்கலாம்'. மூன்று பேருக்குச் சம்மதம் என்று எடுத்துக்கொள்கிறேன். லஞ்சம் லஞ்சமாகவே இருக்கும்.

வழக்காடி எழுதியது:

சம்மதம். ஆனால் நீதிமன்றத் தட்டச்சர் இரண்டுக்கும் அனுமானம் என்றே அடிப்பார், பாருங்கள்.

புலவர் எழுதியது:

அச்சில் அனுமானம் போங்கள், தடுக்கவில்லை. அடைப்புக்குறிக்குள் சட்டக்கோள் என்று ஒரு முறையாவது போடுங்கள். பிறழ்சாட்சியும் முதல் நாள் எல்லோருக்கும் சிரிப்பாகத்தான் இருந்திருக்கும்.