மறு: ‘கருப்பை நிரலாக்கம்’ பொருந்துமா?

நண்பர்களுக்கு வணக்கம். கருவாக இருக்கும்போது நேர்பவை பிற்கால வளர்ச்சியில் தடம் பதிப்பதை ஆங்கிலத்தில் ஃபீட்டல் புரோகிராமிங் என்கிறார்கள். நம் சொற்பட்டியலுக்காக அதற்கு ஒரு தமிழ்ச் சொல்லை முன்வைத்து நண்பர் எழுதியது இது:

> ஃபீட்டல் புரோகிராமிங் என்பதற்குக் ‘கருப்பை நிரலாக்கம்’ என்றே வைத்துக்கொள்வோம். கணினித் துறையில் நிலைத்த சொல், எளிதில் புரியும்.

எளிதில் புரிவதுதான் என் கவலை. நிரல் என்றால் எழுதியபடிதான் இயங்கும். தலையெழுத்து என்று நம் ஊர்களில் சொல்வதையே அறிவியலின் பெயரால் மறுபடி சொன்னதாகிவிடும். கருவுற்ற பெண்கள் படிக்கும் கட்டுரைகளில் இந்தச் சொல் வரப்போகிறது என்பதை மறக்க வேண்டாம்.

சான்றுகளும் அப்படிச் சொல்லவில்லை. 1944-45 குளிர்காலத்தில் ஜெர்மானியர்கள் உணவு வரத்தைத் தடுத்ததால் நெதர்லாந்தின் மேற்குப் பகுதி பட்டினியில் தவித்தது. அப்போது கருவில் இருந்த ஆண்கள் 19 வயதில் ராணுவத் தேர்வுக்கு வந்தார்கள். அவர்களுடைய அறிவுத்திறன் மதிப்பெண்ணில் பட்டினியின் தடம் தென்படவில்லை. ஆனால் பஞ்சத்தின் உச்சத்தில் கருவானவர்களிடம் மனச்சிதைவு நோய் ஏறத்தாழ இருமடங்காகக் காணப்பட்டது. அதே பட்டினிதான், ஒன்றைத் தொட்டது, இன்னொன்றை விட்டுவிட்டது.

காலம் அதைவிட முக்கியம். ஹிரோஷிமா, நாகசாகியில் கருவிலேயே கதிர்வீச்சுக்கு உள்ளானவர்களில், 8 முதல் 15 வாரக் கருவாக இருந்தவர்களிடம்தான் கடுமையான அறிவுத்திறன் குறைபாடு மிகுந்திருந்தது. 8 வாரத்துக்கு முந்தைய கருக்களில் அந்த மிகுதி இல்லை. மூளையின் மேலடுக்கான புறணிக்குரிய நரம்பணுக்கள் பெருகித் தத்தம் இடத்துக்கு நகர்வது அந்த 8 முதல் 15 வரையிலான வாரங்களில்தான். மூளையும் தண்டுவடமும் உருவாகும் நரம்புக் குழல் மூடுவதோ கருத்தரித்து ஏறக்குறைய 28 நாளுக்குள். பல பெண்களுக்குக் கருவுற்றதே அப்போது தெரிந்திருக்காது. அந்தக் குழல் சரியாக மூட உதவும் ஃபோலிக் அமிலத்தைக் கருத்தரிக்கும் முன்பிருந்தே நாளுக்கு 400 மைக்ரோகிராம் எடுத்துக்கொள்ளச் சொல்வது அதனால்தான்.

ஆகவே நமக்கு வேண்டியது, பருவத்தையும் பின்னால் திருந்த இடமிருப்பதையும் சேர்த்துச் சொல்லும் சொல். ‘வார்ப்பு’ ஆகாது, வார்த்தது இறுகிவிடும். நான் முன்வைப்பது ‘வனைவு’. குயவரின் திகிரியில் இருக்கும் மண் வடிவம் கொண்டுவிட்டது, ஆனால் இன்னும் ஈரம். வனைகிறது, வனைந்த, வனைவுக் காலம் என்று வினையாகவும் பெயராகவும் புழங்கும். நிரலாக்கத்தில் அந்த வசதி கிடையாது.

மது, தாலிடோமைடு என்ற மருந்து போன்றவை கருவுக்கு நேரடியாகத் தீங்கு செய்பவை. அவற்றுக்குரிய சொல்லைத் தனி இழையில் பேசலாம்.

*

அம்மா, வணக்கம்.

வனைவு நல்ல சொல். என் பரிந்துரையைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். ஒரு தயக்கம் மட்டும். வனைவு என்றால் வனைபவர் யார் என்று கேட்பார்கள். ‘கருப்பை வனைவு’ என்று எழுதினால் தாய்தான் வனைகிறாள், குறை வந்தால் அவள் குற்றம் என்று படிக்க மாட்டார்களா?

*

ஐயா, மிகச் சரியான கேள்வி. அந்தப் பழி தாய்மேல் விழவே கூடாது.

ஜப்பானின் மினமாட்டா ஊரை எண்ணிப் பாருங்கள். தொழிற்சாலை கடலில் விட்ட பாதரசம் மீன் வழியாகத் தாய்க்கும், நஞ்சுக்கொடியைக் கடந்து கருவுக்கும் போனது. தாய்மார் பலருக்கு அறிகுறியே பெரிதாக இல்லை. பிள்ளைகள் மூளை பாதிக்கப்பட்டுப் பிறந்தார்கள். அயோடினும் அப்படியே. கருவின் தைராய்டு வேலை செய்யத் தொடங்கும்வரை மூளை வளர்ச்சிக்குத் தாயின் தைராய்டு ஹார்மோனே துணை. மண்ணிலும் நீரிலும் அயோடின் குறைந்த வட்டாரத்தில், உப்பில் அதைச் சேர்க்க வேண்டியது அரசின் கடமை. ஒரு பெண் தனியாக என்ன செய்ய முடியும்?

எனவே ‘கருப்பை’யை எடுத்துவிடுவோம். அது தாயின் உடலைச் சுட்டுகிறது. ‘கருப்பருவம்’ காலத்தைச் சுட்டுகிறது. நமக்கு வேண்டியதும் அதுதான். சொற்பட்டியலில் பதிவு இப்படி இருக்கட்டும்:

கருப்பருவ வனைவு: கருவாக இருக்கும் காலத்தில் ஊட்டம், நோய், நஞ்சு, மன அழுத்தம் முதலிய சூழ்நிலைகள், அவை நேரும் வாரத்தைப் பொறுத்து, மூளை உள்ளிட்ட உறுப்புகளின் பிற்கால வளர்ச்சியில் ஏற்படுத்தும் சாய்வு.

‘விளைவு’ என்று எழுதாமல் ‘சாய்வு’ என்று எழுதியது தெரிந்தேதான்; விளைவு என்றால் நடந்தே தீரும் என்று படிப்பார்கள். அதில் மறுப்பு இருப்பவர்கள் சொல்லுங்கள்.